நாற்பத்து மூன்று

தளபதி இஸ்பந்தியாரின் கால் அளவு நாற்பத்திரண்டு.
பூட்ஸ் மட்டும் நாற்பத்து மூன்று.
பதினோரு வருடமாக அவருக்கு வண்டி ஓட்டுகிறேன்,
ஏனென்று கேட்டதில்லை.

தோளில் நட்சத்திரம் கூடக் கூட
வண்டிக் கண்ணாடி தடித்தது.
வரைபடத்தில் அவர் விரல் வைத்த ஊர்களில்
இரண்டுக்குப் போயிருக்கிறேன், பிறகு.
இறங்கவில்லை.

வருடத்துக்கு ஒருமுறை தெஸ்ஃபூல்.
காவல் வண்டிகளைப் பாலத்தருகே நிறுத்திவிட்டு
சந்துக்குள் தனியாக நடப்பார்.
இந்த முறை அரிசி மூட்டையோடு நானும்.

தூபாவின் மகனும் இவரும்
கர்க்கே ஆற்றைக் கடந்த இரவில்
இருட்டில் பூட்ஸ் மாறிப்போனதாம்.
பதினேழு வயது இருவருக்கும்.
ஓடும்போது அவனுக்குக் கடித்திருக்கும்.
இவர் திரும்பினார்.

தூபா பதக்கங்களைப் பார்க்கவில்லை.
வாசலில் கழற்றிய பூட்ஸை எடுத்து
உள்ளே கைவிட்டுத் துழாவினாள்,
விரல் நுனிக்கு முன்னால்
காலியாய்க் கிடந்த அந்த இடம் வரை.

"இன்னும் எத்தனை அம்மாக்களிடம் போகிறாய்?"

தெஹ்ரான் வரை எட்டு மணி நேரம்.
பேசவில்லை. அழவுமில்லை.
பின்கண்ணாடியில்
அவர் உதடு மட்டும்
எதையோ எண்ணிக்கொண்டே வந்தது.
கோம் தாண்டியும் முடியவில்லை.