ஐந்தாம் தேதி

சூரத் செஷன்ஸ் கோர்ட்டில்
என் வக்கீல் கபாடியா எண்ணிக் காட்டினார்:
மூன்று மாதத்தில் நாற்பத்தொரு அழைப்பு.
கொடுத்த பணத்தைத் திருப்பிக் கேட்பது
தற்கொலைக்குத் தூண்டுவதாகாது, கனம் கோர்ட்டாரே.

ஆகாதுதான்.
இரண்டு லட்சம். வைரப் பட்டறை மூடிய வருடம்
மகளின் நர்சிங் படிப்புக்கென்று வாங்கினான் தன்சுக்.
மூன்று வட்டி.
வராச்சா ரோட்டில் அதற்குக் குறைந்து எவன் தருவான்?

அவன் எழுதிவைத்த தாளில்
சிலிண்டர் புத்தகம் எங்கே என்று ஒரு வரி,
மகளுக்கு இரண்டு வரி,
கடைசியில் என் பெயர்.
பெயர் மட்டும்.
பெயருக்குப் பின் வினைச்சொல் இல்லை
என்று அரைமணி நேரம் வாதாடினார் கபாடியா.

கூண்டில் ஏறிய ஜசுமதி
முந்தானையைத் தலைக்கு இழுத்துக்கொண்டு சொன்னாள்:
ஸ்பீக்கரில் போட்டிருந்தார், நானும் கேட்டேன்.
"செத்தாவது கொடு."

கோபத்தில் வாய் தவறிய சொல்; அதில் மனம் இல்லை.
தீர்ப்பு, பதினோராம் பக்கம்.
விடுதலை.
மைத்துனன் பேடா வாங்கி வந்தான்,
கோர்ட் வாசலிலேயே பெட்டியைப் பிரித்தான்.

கோபமா?
அன்று நான் தேநீரில் பிஸ்கட் நனைத்துக்கொண்டிருந்தேன்.
ஊறி உடைந்து விழுந்த பாதியைக்
கரண்டியால் தேடியபடிதான் சொன்னேன்.
கண் டிவியில், ஸ்கோரில்.
என்னிடம் யாரும் அதைக் கேட்கவில்லை.

இன்று ஐந்தாம் தேதி.
மேசைமேல் கைபேசி துடித்துத் துடித்து
ஓரத்துக்கு நகர்கிறது:
தன்சுக், வட்டி, ஆறாயிரம்.
நீக்கவா, பிறகு நினைவூட்டவா
என்கிறது.

பிறகு,
என்று தொடுகிறேன்.