எடை: வழக்கம்போல்

நெர்வாஸ் துறைமுகத்தில் நான் எடைக்காரன்.
இரும்புத் துலாக்கோல் ஒன்று,
கருங்கல் படிக்கற்கள் பன்னிரண்டு,
எலி கடித்த பேரேடு ஒன்று.
இவ்வளவுதான் என் அரசாங்கம்.

நூற்றுப் பதினான்கு ஆண்டுகளுக்கு முன்
இதே முக்காலியில் உட்கார்ந்திருந்தவன்
இதே பேரேட்டில் எழுதியிருக்கிறான்:
‘மூன்று நிலாக்களும் ஒன்றன்பின் ஒன்றாய் நின்றன.
எடை: வழக்கம்போல்.’
அடுத்த வரியிலேயே உப்புக் கணக்கு.
வானம் வரிசைகட்டி நின்ற இரவில்
இப்படியும் ஒரு மரமண்டையா என்று
பலமுறை சிரித்திருக்கிறேன்.

நேற்று அது மறுபடி வந்தது.

ஹோம் முதலில், பானை வயிறும் சாம்பல் நிறமுமாய்.
அதன் முன்னே ருவெக், ஆறிவரும் காயத்தின் சிவப்பு.
மூன்றாவதை இங்கே நொண்டி என்பார்கள்;
எப்போதும் பிந்தும், விடிந்தபின் தலைகாட்டும்.
நேற்று மட்டும்
நொண்டி நேரத்துக்கு வந்துவிட்டது.

முதலில் தெரிந்துகொண்டவை நாய்கள்.
குரைத்தபடி எம்பிய ஒன்று
இறங்க மறந்ததுபோல் கொஞ்சம் அங்கேயே இருந்தது.
அலைகள் கொழுத்துச் சோம்பின.
கல்லில் மோதிய திவலைகள்
யோசித்து யோசித்து விழுந்தன.
யூலெத் ஊற்றிய கஞ்சி கிண்ணத்துக்கு வந்துசேர்வதற்குள்
என்னிடம் இரண்டு கேள்வி கேட்டுவிட்டாள்.
இரண்டும் வாடகையைப் பற்றி.

கப்பல் முதலாளி தெக்மிர் ஓடிவந்தார்.
ஓடி என்றால், தத்தித் தத்தி,
அங்கி குடையாய் விரிய.
துறையில் மூன்று கப்பல் கோதுமை.
“இன்றிரவே இறக்குங்கள்.
மூட்டை பாதிக் கனம்தானே,
கூலியும் பாதி.”

சுமைகாரர்கள் நாற்பது பேர்.
முன்னால் பெல்கா,
இடது தோளில் ரொட்டி அளவுக்குக் காய்ப்பு.
ஒரு மூட்டையை ஒற்றைக் கையால் தூக்கினாள்.
இறக்கினாள்.
முகத்தில் வந்த எதையோ அவசரமாய் மறைத்தாள்.
சிரிப்பாக இருக்கலாம்;
இருபது வருஷத்தில் நான் பார்த்ததில்லை,
அதனால் நிச்சயமாய்ச் சொல்ல முடியவில்லை.
“எடைக்காரர் சொல்லட்டும்,” என்றாள்.

நான் யார் சொல்ல?
ஒரு தட்டில் மூட்டை,
மறுதட்டில் பன்னிரண்டு கல்.
முள் நடுவில் நின்றது,
போன வாரமும் போன மழைக்காலமும்
நின்ற அதே இடத்தில்.
மூட்டை இளைத்தால் கல்லும் கூடவே இளைக்கிறது.
தராசுக்கு வானம் தெரியாது.

“பன்னிரண்டு கல்,” என்றேன் உரக்க.
“சட்டப்படி ஒரு குன்றிமணியும் குறையவில்லை.”

தெக்மிர் தாமே மூட்டையைத் தூக்கினார்,
எழுபது வயது, ஈர்க்குச்சிக் கை,
தலைக்குமேல் ஆட்டி ஆட்டி, “இதோ! இதோ!” என்றார்.
“முதலாளிக்கு இளமை திரும்பிவிட்டது,” என்றான் ஓர்சன்.
கூட்டம் கைதட்டியது.
அவர் மூட்டையைப் போட்டார்.
அது மெதுவாக விழுந்தது, அவமானம்போல.

முழுக்கூலி.

முதல் கப்பலைப் பந்து விளையாடித் தீர்த்தார்கள்.
இரண்டாவதின் பாதியில் பெல்கா
செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுப்
பாலத்தின் விளிம்பிலிருந்து குதித்தாள்,
கடலுக்கல்ல, மேலே.
தோளில் எதுவும் இல்லாமல்
ஒருத்தி எவ்வளவு உயரம் என்று
நெர்வாஸ் அப்போதுதான் பார்த்தது.
பிறகு நாற்பது பேரும்.
பிறகு, யாரும் பார்க்கவில்லை என்று நினைத்து,
நானும், கதவுக்குப் பின்னால்.
உத்தரத்தில் தலை இடித்தது.

நொண்டி ஒரு விரற்கடை விலகியது.
கனம் முழங்கால் வழியாகத் திரும்பி வந்தது.
மூன்றாவது கப்பலை
முனகி முனகி விடியும்வரை இறக்கினார்கள்.

காலையில், நெற்றி வீக்கத்தோடு
பேரேட்டைப் பின்னோக்கிப் புரட்டினேன்.
நான் எப்போதும் தாண்டிப்போன உப்புக் கணக்கு:
‘உப்பு, நானூறு மூட்டை. கூலி முழுசு.’
‘முழுசு’ என்பதன் கீழே இரண்டு கோடு.

அட மரமண்டை.

மை தொட்டேன்.
மூன்று நிலாக்களும், என்று தொடங்கினேன்.
வாசலில் பெல்கா, வெறுங்காலோடு.
“செருப்பு ஒன்றைக் காணோம்,” என்றாள்.
“பார்த்தீர்களா?”