இடது பக்கக் கறை

சுவிஸ்காரர் டூன் என்பார்கள்.
எங்கள் ஆட்கள் தூண் என்றுதான் எழுதுவோம்.
பராகுவேயிலிருந்து ஒருவன் வந்து
பதினொரு வருடம் பின்வரிசையில் நின்றான்,
எங்கள் எழுத்துப் பிழைக்கு அர்த்தம் வந்தது.

எவெலியோ பனியாகுவா.
அந்தக் குடும்பப் பெயரைப் பிரித்தால்
ரொட்டியும் தண்ணீருமாம்.
சம்பளமும் அதுதான் என்று சிரிப்பான்.

அவன் விளையாடி நான் பார்த்தது குறைவு.
ஆட்ட நேரத்தில் எனக்குக் கீழ்த்தளத்தில் வேலை.
தலைக்கு மேல் ஆயிரம் கால்கள் தட்டும்,
இங்கே துவாய்கள் சுற்றும்.
நான் அறிந்தது அவன் உடுப்பை.

உடுப்புக்கு வாய் உண்டு.
முன்வரிசைக்காரரின் சட்டையில் வியர்வை,
கொஞ்சம் சென்ட்.
கோல்காப்பாளருக்கு முழங்கையில் சேறு.
நாலாம் இலக்கத்துக்கு மட்டும்
இடது இடுப்பில், உள்ளங்கை அகலத்துக்குப் பச்சை,
ஒவ்வொரு கிழமையும், அதே இடத்தில்.
பந்தும் போச்சு ஆளும் போச்சு என்ற கணத்தில்
அந்தப் பக்கமாகச் சரிந்து
இரண்டையும் மறிப்பானாம்.

மறித்ததை யார் எண்ணுகிறார்கள்?
விழாத கோலுக்குப் பலகையில் இடமில்லை.
நான் எண்ணினேன்:
வினாகிரி, குளிர்ந்த தண்ணீர், இருபது நிமிடம்.
சுடுதண்ணீர் பட்டதோ
பச்சை நூலுக்குள் குடியேறிவிடும்.
பிறகு திருப்பி அனுப்ப
எந்த அரசாங்கத்தாலும் முடியாது.

கடைசி வருடம், மே மாதம், மழை இல்லாத சனிக்கிழமை.
சமநிலை போதும், தோற்றால் கீழ்ப்பிரிவு.
எண்பத்தெட்டாம் நிமிடம்
மேலே இருந்த சத்தம் அறுந்தது.
மெஷின் மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது.
சேம்சைட் கோல். அவன் முழங்காலில் பட்டு.

அன்றைய மூட்டையை அவிழ்த்தேன்.
நாலாம் இலக்கம்
பெட்டியிலிருந்து எடுத்தது போல
வெள்ளையாக, வடிவாக இருந்தது.
சரியவில்லை அவன். நின்றிருக்கிறான்.
முழங்கால் விடவில்லையா,
முதல்தடவையாகப் பயந்தானா,
சட்டை வாயைத் திறக்கவில்லை.
அதையும் கழுவினேன்.

ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை.
என்னுடையதையும்தான்,
கழுவுவதற்கு ஒரு கம்பெனி வந்துவிட்டது.
மனைவி நிமியா அசுன்சியோனுக்குத் திரும்பிப் போனாள்.
மகளுக்கு இங்கே பள்ளிக்கூடம்.
அவள் பேர்ண் ஜேர்மனில் கேட்பாள்,
இவன் குவாரனியில் பதில் சொல்வான்,
சண்டை மட்டும் இருவருக்கும் ஒரே மொழி.

இப்போது ஏரிக்கரை நீச்சல்குளத்தில் காவல்.
எத்தனை விசிலுக்குக் கை உயர்த்தி
நானில்லை, நானில்லை என்றவன்!
அந்த விசில் அவன் கழுத்தில் தொங்குகிறது.
கியோஸ்க் வாசலில் ருவேடி என்றொரு கிழவன்
அவனைக் கண்டால் தன் முழங்காலைத் தட்டுவான்:
"எண்பத்தெட்டு!"
இவனும் தன்னுடையதைத் தட்டுவான்.
உள்ளே இருப்பது இப்போது உலோகம்.
பிறகு இரண்டு கோப்பிக்குக் காசு கொடுப்பான்.

செவ்வாய்க்கிழமைகளில் என் கடைக்கு வருவான்,
ஸ்டேஷனுக்குப் பின்னால், மூன்று வெள்ளைச் சட்டைகளோடு.
குளோரின் மணக்கும். கறை இராது.
காவல்காரன் உடுப்பு காய்ந்திருந்தால்
யாரும் தாழவில்லை என்று அர்த்தம்.

போன செவ்வாய், இரண்டாவது சட்டை.
இடது இடுப்பில்
உள்ளங்கை அகலத்துக்குப் பச்சை.

ஐம்பத்தொரு வயது.
குளத்துக்குப் பின்னால் புல்வெளி இருக்கிறது,
பிள்ளைகள் இருப்பார்கள், பந்து இருக்கும்.
நான் கேட்கவில்லை.
துண்டு எழுதிக் கொடுத்தேன்.

"போகுமா?" என்றான்.
"போகும்."
துண்டை மடித்தான், திரும்ப விரித்தான்.
"அவசரமில்லை," என்றான்.