இரண்டாம் பாகத்தில் ஒரு விரல் கூடுதல்

முதல் பாகத்தில் மகுடனுக்கு முகம் கிடையாது.
சுழல் நாற்காலியின் முதுகு,
அதன் பக்கவாட்டில் ஒரு வலது கை,
பச்சைக்கல் மோதிரம்,
மோதிரத்தை அடுத்து
சுண்டுவிரல் இருக்கவேண்டிய இடத்தில்
அரைக் கணு.
மதுரையே மூச்சடக்கிக் கிடந்தது
அந்த அரைக் கணுவைப் பார்த்துத்தான்.

அது என் கை.

யானைமலை அடிவாரத்தில் அட்டைக் குகை கட்டி
உருளும் இரும்புக் கதவு வைத்திருந்தார்கள்.
கதவும் அட்டைதான்.
டீ வாளியோடு போன என்னை நிறுத்தி
‘இந்தக் கையை எங்கய்யா பிடிச்சே?’ என்றார் டைரக்டர்.
பிடிக்கலீங்க, விட்டது.
மில்லில், ராத்திரி ஷிப்டில், பஞ்சு மிஷின் பல்லில்.

நாலு நாள் வேலை. நாளுக்குப் பதினைந்து ரூபாய்,
மத்தியானம் கறிச்சோறு.
சாயங்காலம் ஆனால்
ஒரே ஒரு மோதிரத்தை
எண்ணி வாங்கிக்கொள்வார்கள்.

குரல் மதராஸில் வேறு யாரோ.
நான் செய்ததெல்லாம் மேஜையில் தட்டியது.
ஒரு தட்டுக்கு விஞ்ஞானி மயங்கி விழுவார்.
இரண்டு தட்டுக்கு விமானம் வெடிக்கும்.
மூன்றாவது தட்டு
கதாநாயகியின் தங்கைக்கு. பாவம்,
நல்ல பிள்ளை, என்னிடம்தான் டீ வாங்கிக் குடித்தது.

கடைசி ரீலில் மகுடன்
ஜீப்போடு வைகை அணைக்குள் பாய்ந்தான்.
தொப்பி மட்டும் மிதந்தது.
தொப்பி மிதந்தால் ஆள் சாகவில்லை என்று
தரை டிக்கெட்டில் இருந்த பொடிசுக்குக்கூடத் தெரியும்.

ஆறு வருஷம் விலாசம் மாற்றாமல் இருந்தேன்.
அந்தக் கையால் விறகு உடைக்கவில்லை,
சுண்ணாம்பு தொடவில்லை,
ராத்திரி நல்லெண்ணெய் தடவித் துணி சுற்றிப் படுத்தேன்.
‘மாப்பிள்ளைக் கை’ என்பாள் சீனியம்மாள்.
கடுதாசி வரவில்லை.
சுவரொட்டி வந்தது.

வைரம் டாக்கீஸ், முதல் நாள், மேட்னி.
‘மகுடன் மறுபடியும்’.
இந்தத் தடவை நீர்மூழ்கி உண்டு, தனித் தீவு உண்டு,
வாய் தைத்த புலி ஒன்று உண்டு.
நாற்காலிக்குச் சிவப்பு வெல்வெட் போட்டிருந்தார்கள்.
அது திரும்பாமல் நின்றது.
விசில் அடங்க ஒரு நிமிஷம் ஆனது.
கை வந்தது.

வெளுத்த கை. நகம் வெட்டிய கை.
சுண்டுவிரலை உள்ளங்கைக்குள் மடக்கி
நிழலில் ஒளித்திருந்தான் எவனோ.
நன்றாகத்தான் மடக்கியிருந்தான்,
நீர்மூழ்கியின் விசையை இழுக்கும் வரை.

அப்போது நிமிர்ந்தது அது.
கண் சிமிட்டும் நேரம்,
முழுசாக, ரத்தமும் சதையுமாக,
மில் தின்ற என் விரல்.

எண்ணூறு பேரில் ஒருத்தருக்கும் தெரியவில்லை.
சிகரெட் சாம்பலை மோந்து
ஆள் பிறந்த ஊர் சொல்லும் சி.ஐ.டிக்கும் தெரியவில்லை.
நான் எழுந்துவிட்டேன்.
‘இவன் மகுடன் இல்லப்பா!’
‘உக்காருய்யா, மறைக்கிது.’
சீனியம்மாள் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

இடைவேளை.
சோடாக் கடைப் பலகையில் நாலணா வைத்தேன்.
பையன் காசை எடுக்கப் போனவன்
கையைப் பார்த்தான்.
பின்னால் சுவரில் சுவரொட்டியைப் பார்த்தான்.
வரைந்தவன் எவனோ, மறக்காதவன்,
சரியாக அரைக் கணுவோடு நிறுத்தியிருந்தான்.
மறுபடி கையைப் பார்த்தான்.
கோலியை உடைத்து நீட்டினான்,
காசு பலகையிலேயே கிடந்தது.
தட்டவே இல்லை நான். சத்தியம்.

கடைசியில் மகுடன் கடலில் குதித்தான்.
தொப்பிக்குப் பதில் கையுறை மிதந்தது,
ஐந்து விரலும் தண்ணீர் குடித்து உப்பி.

ரிக்ஷா சிம்மக்கல் தாண்டும்போது
சீனியம்மாள் கேட்டாள்:
‘மூணாம் பாகத்துக்காவது கூப்பிடுவாய்ங்களா?’
மேஜை இல்லை.
அவள் முழங்காலில் ஒரு தட்டு தட்டினேன்.
மயங்கி விழவில்லை.
‘கையை எடுங்க,’ என்றாள், ‘ரோடு.’