ஏழு கட்டம்

மிதவை விளக்கில் ஒளி மங்கின பென்சில் பேட்டரியை
யாரும் கடலில் எறியக் கூடாது.
தூண்டில் கயிறு ஏறி முடிந்ததும்
ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு என்னிடம் தருவார்கள்.
விளக்குக்கு ஆகாதது விளையாட்டுக்கு ஆகும்.
இரண்டு போட்டால் ஒரு மணி நேரம்,
சில ராத்திரி நாற்பது நிமிஷம்.

மார்த்தாண்டத்தில் பாலத்துக்கடியில்
முந்நூறு ரூபாய்க்கு வாங்கின கைப்பெட்டி.
உள்ளே ஒரே ஒரு ஆட்டம்.
அணைந்தால் அதோடு போச்சு,
மறுநாள் முதலிலிருந்து.

முதலில் பெயர் கேட்கும்.
ஏழு கட்டம், இங்கிலீஷ் எழுத்து.
"இன்னைக்கு யாருக்க பேரு?"
சோறு தின்ற கையோடு கூடிவிடுவார்கள்.
வில்பிரட் கச்சிதம், ஏழுக்கு ஏழு.
சூசையடிமை அண்ணன்
'சூசையட்' என்று பாதியில் நின்றார்.
"எங்கப்பன் வச்சதுல மிச்சத்த
மீன் தின்னுட்டுதா லே?"

பிறகு ஒரு வீடு.
கட்டிலில் ஒரு பையன் கண் விழிப்பான்.
அடுப்படியிலிருந்து அம்மா திரும்பி
ஒரு வரி சொல்வாள்.
"என்ன சொல்லுதா?"
கிணத்து வாளியக் காணோம், தேடிட்டு வா.
முதல் வாரம் உள்ளபடி வாசித்தேன்.
அப்புறம் கொஞ்சம் சேர்த்தேன்:
சாளை வாங்கி வச்சிருக்கேன், நேரத்தோட வா.
வில்பிரட் முறை வந்த அன்று:
மொதல்ல போயி முடி வெட்டுல.
"எனக்க அம்மயேதான்" என்றான் அவன்.
இங்கிலீஷில் இத்தனை நீளமா என்று
ஒருத்தரும் கேட்கவில்லை.

வாளி கிடைக்கும். ஊர் முடியும் இடத்தில் பாலம்.
காவலாளி சொல்வான்: நாளைக்குத் திறக்கும்.
அந்த நாளைக்கு முன்னால் பேட்டரி தீரும்.
முப்பத்தாறு நாள் கடலில்
இருபத்தாறு பேர் பாலம்வரை போனார்கள்.
கேரையும் சூரையும் ஐசில் நிறைந்தன.
தேங்காப்பட்டணத்தில் கரையேறினோம்.

கடைக்கார அஜின் திறந்து பார்த்துச் சொன்னான்:
"உள்ள ஒரு பொத்தான் பேட்டரி செத்துக் கெடக்கு.
அதான் ஒண்ணும் ஓர்மையில நிக்காதது."
நூற்றிருபது ரூபாய்.

அடுத்த நடைக்குச் சீட்டுக் குலுக்கினோம்.
கிளீட்டஸ்.
மறுநாளும் கிளீட்டஸ். அதற்கு மறுநாளும்.
பாலம் திறந்தது. காடு வந்தது,
சந்தை வந்தது, ஒரு துருப்பிடித்த வாள்.
ஆறாம் நாள் என் தோளுக்குப் பின்னால் நாலு தலை.
பன்னிரண்டாம் நாள் ஒன்று.
அப்புறம் கிளீட்டஸும்
முள் கோர்க்கப் போய்விட்டான்.
அவன் பெயரை நான் தனியே நடத்திக்கொண்டு போனேன்.

பத்தொன்பதாம் நாள் காடு விலகி
திரை முழுக்க நீலம்.
"லேய், கடலு!" என்று கத்திவிட்டேன்.
எல்லாரும் ஓடி வந்தார்கள்.
பொத்தானை அமுக்க அமுக்க
பையன் தண்ணீரில் முட்டி முட்டி நின்றான்.
படகில்லாமல் போக முடியாது, என்றது எழுத்து.

வில்பிரட் வயிற்றைப் பிடித்துக்கொண்டு
ஐஸ்பெட்டி மேல் சாய்ந்தான்.
சூசையடிமை அண்ணன் மட்டும் சிரிக்கவில்லை.
"இம்புட்டுத் தொலவெட்டு நடந்து வந்து
இதையா பாக்கணும்?
சவத்த வீட்டுல கொண்டு விடு மக்ளே."

திரும்பி நடக்க ஒரு பாட்டில் பேட்டரி வேண்டும்.
குறுக்கு வழி ஒன்று இருந்தது: புது ஆட்டம்.
பழையது அழிந்துவிடும், சம்மதமா?
அம்புக்குறி 'இல்லை'யில் தானாக நின்றது.
கிளீட்டஸைப் பார்த்தேன்.
செதில் ஒட்டின பெருவிரலால்
அவனே நகர்த்தி, அவனே அமுக்கினான்.

ஏழு கட்டம் காலியாக வந்தது.
எனக்க பேரு, எனக்க பேரு என்று ஒரே சத்தம்.
அப்போது சுக்கான் அறையிலிருந்து,
ஒரு நாளும் முறை கேட்காத ஸ்ராங்கு:
"பெனிலான்னு போடு."

அவருக்கு இரண்டும் ஆண் பிள்ளைகள்.
பெண்சாதி பெயர் புளோரன்ஸ்.
எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது.

ஆறு எழுத்து. ஒரு கட்டம் மிச்சம்.
கட்டிலில் கண் விழித்தது.
அடுப்படி திரும்பியது.
"என்ன சொல்லுதா?"
உள்ளேயிருந்தே கேட்டார்.

அன்றைக்கு
எழுதியிருந்ததை மட்டும் வாசித்தேன்.
கிணத்து வாளியக் காணோமாம்.