அடிக்கணக்கு

திரிகம்ஜி சேட்டுக்கு எல்லாமே அடிதான்.
அழுகைக்கு முப்பது அடி.
குதிரைச் சண்டை நூற்றைம்பது, குதிரை நொண்டினால் எண்பது.
முத்தத்துக்கு எட்டு அடி போதும் என்பார்,
ஒன்பதாவது அடியில் கொட்டகையில்
யாராவது இருமிவிடுவார்களாம்.

பருத்திச் சூதில் ஒரே பகலில் வந்த பணம்
தாதரில் தண்டவாளத்துக்குப் பக்கத்தில்
மூங்கிலும் வெள்ளைத் துணியுமாய் நின்றது.
சூரியன்தான் விளக்குக்காரன்,
என்னிடம் முன்பணம் கேட்காத ஒரே ஆள்.
மழை நாலு மாதம்.
அப்போதெல்லாம் பேரேட்டில் நான் எழுதியது:
குதிரைக்குக் கொள்ளு,
குதிரைக்குக் கொள்ளு,
துணி கிழிந்த வகையில் மூன்று ரூபாய்.

ஆறு வருஷம், பதினான்கு படம்.
பதின்மூன்றில் ராஜகுமாரி டோரா பிண்டோ.
மஜ்காவ் சந்துக்காரி, திரையில் மிஸ் கமலினி.
உயிர் போகும் காட்சியிலும்
வாவல் மீன் விற்கிற விலையைத்தான் பேசுவாள்.
பின்னால் வரும் எழுத்து அட்டை
அதை நாலு பாஷையில் காதலாக்கிவிடும்.

பிறகு சத்தம் வந்தது.

மைக்கைப் பூந்தொட்டியில் ஒளித்து வைத்தோம்.
முதலில் விழுந்தது போரிவிலி வண்டி.
அடுத்தது காக்கை.
மூன்றாவதாக டோரா.
காக்கையின் இந்துஸ்தானி தேவலை என்று
யாரோ சொன்னதற்கு அவளும் சிரித்தாள்.
அன்றைய பதிவில் அந்தச் சிரிப்பு மட்டும்
அவ்வளவு சுத்தம்.

பதினைந்தாவதை சேட் ராத்திரியில் எடுத்தார்,
கடைசி வண்டிக்கும் முதல் வண்டிக்கும் நடுவில்,
ஒரு நாளைக்கு மூன்று மணி நேரம்,
வேறொரு பெண்ணை வைத்து.
யாருமே பார்க்கவில்லை என்று சொல்ல முடியாது.
நான் பார்த்தேன்.
இரண்டு தடவை, டிக்கெட் வாங்கி.

கடன் கொடுத்தவன் தராசோடு வந்தான்.
"அடி வேண்டாம் சேட். பவுண்டு சொல்லுங்கள்."
உருக்கினால் வெள்ளி.
வெள்ளி போன செல்லுலாய்டு
புலேஷ்வரில் வளையல்.
சேட் வாயைத் திறந்தது ஒரே தடவை:
"டப்பாவையும் சேர்த்து நிறு."
என் பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டார்.
பேனா திரும்பி வரவில்லை.

நேற்று ஒரு டஜன் வாங்கினேன், சிவப்பு.
போட்டுக்கொள்ள எனக்கு யாரும் இல்லை.
மாட்டுங்கா அறையில் விளக்கருகே பிடித்தேன்.
முகம், குதிரை, எழுத்து,
எதுவும் இல்லை. சாயம்தான்.
பழக்க தோஷம், நூல் வைத்து அளந்தேன்.
ஒன்று எட்டு அங்குலம்.
டஜனுக்கு எட்டு அடி.

அடுத்த அறையில்
யாரோ இருமினார்கள்.