ஏழாயிரம் இருக்கைகள்

வியாழக்கிழமைச் செய்தித்தாளில்
"இரு மடங்கு" என்ற சொல்
மீன்கடைப் பலகை அளவுக்கு நின்றது.
எதன் இரு மடங்கு என்பது
ஒன்பதாம் பக்கத்தில்,
சோபா விளம்பரத்துக்குக் கீழே.
மேல்வாயிலக்கத்தைக் கூவிய தலைப்பு
கீழ்வாயிலக்கத்தை மென்று விழுங்கியிருந்தது.

இஷ்பெல் ஒன்பதாம் பக்கம் வரை போகவில்லை.
பாதி தீர்ந்த கருத்தடை மாத்திரை அட்டையை
உருளைக்கிழங்குத் தோலோடு சேர்த்துத்
தொட்டியில் போட்டாள்.
அன்று மாலை
ஸ்காட்லாந்தின் அந்தக் கடலோரத் தெருவில்
எத்தனை தொட்டிகளில் எத்தனை அட்டைகள் விழுந்தன என்று
யாரும் எண்ணவில்லை.
ஜனவரியில் எண்ணினார்கள்,
மகப்பேறு மருத்துவமனை வரிசையில்.

வெள்ளிக்கிழமை மருந்துக்கடையில் மிஸஸ் குளூனி,
அதே கேள்வியைப் பதினேழாவது முறை கேட்டவள்,
ரசீதிலிருந்து தலை தூக்காமல் சொன்னாள்:
"பழைய மாத்திரையில்
வருஷத்துக்கு ஏழாயிரம் பேரில் ஒருத்திக்கு
காலில் ரத்தம் கட்டும்.
இதில் இரண்டு பேருக்கு.
பிள்ளை உண்டானால் நாலு பேருக்கு.
அடுத்து யார்?"

சனிக்கிழமை ஆட்டம். தோற்றார்கள்.
ஞாயிறு காலை, வழக்கம்போல,
அரங்கத்தைக் கூட்டப் போனாள்.
மாட்டிறைச்சிச் சாறு குடித்த கோப்பைகள்,
எண்ணெய்க் காகிதங்கள்,
மழையில் படியோடு ஒட்டிப்போன நுழைவுச்சீட்டுகள்.
கடைசி டிவிஷன் அணிக்கு
ஏழாயிரம் இருக்கை எதற்கு என்று
ஊரே கேலி பேசும் அரங்கம்.
இன்றைக்கு அவளுக்கு ஆயிற்று.

யாரோ விட்டுப்போன சிவப்புக் கையுறைகளில் ஒன்றைக்
கே வரிசை நாற்பத்தொன்றில் வைத்தாள்.
இறங்கி வந்து
எதிர்க் கோல் கம்பத்தருகே நின்று பார்த்தாள்.
நீலம், நீலம்,
ஏழாயிரம் முறை நீலம்.
கையுறை எங்கே என்று
வைத்தவளுக்கே தெரியவில்லை.

மறுபடி ஏறினாள்.
ஜோடியின் மற்றதை எம் வரிசையில் வைத்தாள்.
மறுபடி இறங்கினாள், மூச்சு வாங்க.
இரு மடங்கு.
அரங்கம் அப்படியேதான் இருந்தது.
இம்மி இரட்டித்தால் இரண்டு இம்மி.
அவள் சிரித்த சிரிப்பில்
கம்பத்து உச்சியிலிருந்த கடற்காகம் எழுந்து பறந்தது.

நானாயிருந்தால் இங்கேயே முடித்திருப்பேன்.
அவள் முடிக்கவில்லை.
கையுறையை எடுக்கப் போனவள்
கே நாற்பத்தொன்றில் ஒரு நிமிஷம் உட்கார்ந்தாள்.
அங்கிருந்து பார்த்தால்
மற்ற ஆறாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பதும்
காலி.
இது மட்டும் நிறைந்திருந்தது.
ஈரம் மெதுவாக ஜீன்ஸுக்குள் இறங்கியது.

திங்கட்கிழமை புது அட்டை வாங்கினாள்.
பயம் இன்னும் இருந்தது,
ஓர் இருக்கை அகலத்தில்.
சில இரவுகளில் கெண்டைக்காலைத்
தடவிப் பார்த்துக்கொள்வாள்,
கெனத் தூங்கிய பிறகு.

டிசம்பரில், பேருந்துக்குள்,
ஜன்னலுக்கு மேலே ஒரு விளம்பரம்:
"மாரடைப்பைப் பாதியாகக் குறைக்கிறது."
வெள்ளைத் தலைமுடி, சைக்கிள், பற்கள்.
பாதியா? எதில் பாதி?
இருக்கை மேல் ஏறி நின்று
பொடி எழுத்தைக் கையுறையால் துடைத்துப் படித்தாள்.
ஐந்து வருஷத்தில்
நூறு பேரில் இரண்டு, ஒன்றாகிறது.

ஓட்டுநர் உட்காரச் சொல்லிக் கத்தினார்.
உட்கார்ந்து கணக்குப் போட்டாள்.
அவளுக்குத் தெரிந்த ஒரே வாய்ப்பாடு
அந்த நீல அரங்கம்தான்.
ஏழாயிரத்தில் நூற்றி நாற்பது கையுறை.
அதில் பாதியை எடுத்துவிட்டால் எழுபது.
அங்கே இரட்டித்தது ஒன்று.
இங்கே பாதியானதில் எழுபது.
எழுபது பேர்
எழுந்து வீட்டுக்குப் போகிறார்கள்,
மழையில், தோற்ற அணியைத் திட்டிக்கொண்டே.

"அது கோல் கம்பத்திலிருந்தே தெரியும்" என்றாள்
சத்தமாக.
முன் இருக்கைக்காரர் திரும்பிப் பார்த்தார்.